மூன்றாவது விசில்

அத்தியாயம் 9

இந்த நாவலில் இதுவரை எட்டு அத்தியாயங்கள் ஓடிவிட்டன. அவற்றில் நான் கண்டுபிடித்தது ஒரே ஒரு கிளியை. அதுவும் நான் அல் கூஸ் பக்கம் வெயிலில் தேடிக்கொண்டிருந்தபோது, தானாகவே பறந்து வந்து சொந்தக்காரர் வீட்டு பால்கனியில் உட்கார்ந்துகொண்டது. ஆகவே இங்கே புதிதாக நுழைகிறவர்கள் எதையும் தவறவிட்டதாக வருத்தப்பட வேண்டாம்.

என் பெயர் விஜயபாஸ்கர். ஊர் திண்டுக்கல். பர் துபாய் மீனா பஜாரில் ஒரு புடவைக் கடைக்கு மேலே எங்கள் அலுவலகம். 'துப்பறியும் நிறுவனம்' என்று போர்டு வைக்க எனக்குத் தைரியம் போதவில்லை. அதனால் 'டைப்பிங் சென்டர்' என்று வைத்திருக்கிறேன். டைப் அடிப்பது பத்ருன்னிசா அக்கா. அதிராம்பட்டினத்துக்காரர், என்னைவிட மூத்தவர். சம்பளப்படி என் உதவியாளர். பேச்சைக் கேட்டால் நான்தான் அவருக்கு உதவியாளன் என்று நினைப்பீர்கள்.

அன்று ஞாயிற்றுக்கிழமை. மதியத் தூக்கம் கண்ணைச் சொருகிக்கொண்டிருந்த நேரத்தில் எங்கள் கண்ணாடிக் கதவு திறந்தது. திறந்து பிடித்துக்கொண்டு நின்றவர் வெள்ளைச் சட்டை போட்ட ஒரு டிரைவர். அவர் விட்ட வழியாக முப்பது வயதுப் பெண் ஒருத்தி மூச்சிரைக்க உள்ளே வந்தாள்.

"சார், என் பேரு சங்கீதா. ஒரு ஈவன்ட் கம்பெனியில வேலை. ஒருத்தரைக் காணோம் சார்."

"புருஷனா?" என்றேன். எங்களிடம் வருகிறவர்களில் பாதிப் பேருக்கு அதுதான் பிரச்சினை.

"ஐயோ, இல்ல சார். பிரெஞ்சுக்காரர். எழுபத்தெட்டு வயசு. சினிமாவுக்குக் கதை எழுதினவர். பேரு ரெமி வசால்."

"வாசல்லயே நிக்க வச்சுட்டு வந்துட்டியா? பாவம், உள்ள கூப்புடும்மா," என்றார் பத்ருன்னிசா அக்கா.

"அவரைத்தான் காணோம்னு சொல்றேன் ஆன்ட்டி!"

விஷயம் இதுதான். இங்கே இருக்கும் ஒரு பிரெஞ்சு சினிமா ரசிகர் சங்கம் அன்று மாலை ஏழு மணிக்கு, கராமாவில் ஒரு பள்ளிக்கூட ஹாலில் விழா வைத்திருந்தது. விழாவின் பெயர் 'மறக்கப்பட்டவர்களுக்கு ஒரு மாலை'. மறக்கப்பட்ட விருந்தாளி ரெமி வசால். அவரைப் பாரிஸிலிருந்து வரவழைத்து, தங்கவைத்து, மேடையில் உட்கார வைக்கும் பொறுப்பு சங்கீதாவுடையது.

"மறந்துபோனவரைத் தேடிப் புடிச்சுக் கூட்டிட்டு வந்து, வந்தவரைத் தொலைச்சுட்டீங்களா? நல்லா இருக்கு போங்க," என்றார் அக்கா.

சங்கீதாவுக்குக் கண்ணில் தண்ணீர் முட்டிவிட்டது. "ஆன்ட்டி, நான் இன்னும் ப்ரொபேஷன்லதான் இருக்கேன். ஏழு மணிக்கு அவர் மேடையில இல்லன்னா நாளைக்கு எனக்கு வேலை இல்ல. வேலை இல்லன்னா விசா இல்ல. பொண்ணை இப்பத்தான் இங்க ஸ்கூல்ல சேர்த்தேன். போலீசுக்குப் போனா கம்பெனிக்குத் தெரிஞ்சிடும்."

அக்கா அதற்கு மேல் கிண்டல் செய்யவில்லை. தன் நாற்காலியை இழுத்துப் போட்டு அவளை உட்கார வைத்தார்.

"கடைசியா யார் பார்த்தது?" என்று நான் குரலைத் தாழ்த்திக் கேட்டேன். துப்பறிவாளர்கள் அப்படித்தான் கேட்பார்கள்.

"இவர்தான் சார், எங்க டிரைவர் பழனிச்சாமி. காலைல பெரியவரை ஹோட்டல் வாசல்ல பார்த்திருக்கார்."

கதவைப் பிடித்துக்கொண்டிருந்த டிரைவர் பணிவாகக் குனிந்தார். "ஆமாங்கண்ணா. வாசல்ல பார்த்தனுங்க. நல்லாத்தான் இருந்தாருங்க."

சத்தியமங்கலம் பக்கத்துப் பேச்சு. இப்படி 'ங்க' போட்டுப் பேசுகிற ஆளை யாருக்குச் சந்தேகப்படத் தோன்றும்? அவரை அத்தோடு விட்டுவிட்டேன். இந்த இடத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் என்னைத் திட்டுவதற்கு உதவும்.

மதியம் பெரியவரிடமிருந்து சங்கீதாவுக்கு ஒரு வாய்ஸ் மெசேஜ் வந்திருந்தது. தட்டுத்தடுமாறிய ஆங்கிலம். 'மேடம், மன்னிக்க வேண்டும். இன்று மாலை நான் வரமாட்டேன். இங்கே ஓர் ஆர்க்கெஸ்ட்ராவோடு இருக்கிறேன்.' அவ்வளவுதான்.

"இன்னைக்கு துபாய்ல எந்த ஆர்க்கெஸ்ட்ராவும் இல்ல சார். எல்லா இடத்துக்கும் போன் போட்டுக் கேட்டுட்டேன்," என்றாள் சங்கீதா.

நான் மேஜை இழுப்பறையிலிருந்து காதை மூடும் பெரிய ஹெட்போனை எடுத்தேன். வாங்கிய நாளிலிருந்து அதற்கு ஆயுத பூஜையில் பொட்டு வைத்ததோடு சரி, வேலை வந்ததில்லை. மெசேஜை என் போனுக்கு அனுப்பச் சொல்லி, திரும்பத் திரும்பக் கேட்டேன். பெரியவரின் குரலுக்குப் பின்னால், ரொம்ப மெலிதாக, இன்னொரு ஆண் குரல் தமிழில் கத்தியது.

"மூணு விசில் ஆச்சு, இறக்குடா!"

எனக்குப் புல்லரித்தது.

"என்னா தம்பி கேக்குது? எனக்கும் குடு," என்று அக்கா கையை நீட்டினார்.

"அக்கா, துப்புங்கிறது துப்பறிவாளன் வயித்துக்குள்ளயே இருக்கணும்."

"வயித்துக்குள்ள இருந்தா அதுக்குப் பேரு வேற தம்பி. ஓமத்தண்ணி குடிச்சா சரியாப் போகும்."

நான் கொடுக்கவில்லை. காரணம் இருந்தது. என் அப்பா திண்டுக்கல்லில் பஸ் கண்டக்டர். ஒரு விசில் அடித்தால் வண்டி நிற்க வேண்டும். இரண்டு விசில் அடித்தால் போகலாம், ரைட். என் அப்பாவிடம் மூன்றாவதாக ஒன்று உண்டு. டிக்கெட் எடுக்காமல் பின் சீட்டில் பதுங்கியிருப்பவனைக் கண்டால் தொடர்ந்து மூன்று விசில் அடிப்பார். டிரைவர் அண்ணன் ஓரம் கட்டி ஆளை இறக்கிவிடுவார். மூணு விசில், இறக்கு! இந்த ரகசியம் துபாயில் என்னைத் தவிர வேறு யாருக்குத் தெரியும்?

கணக்கு சரியாக வந்தது. ஞாயிற்றுக்கிழமை லீவு நாள். லேபர் கேம்ப்பிலிருந்து நம் ஆட்கள் பஸ்ஸில் பஜாருக்கு வருவார்கள். வரும்போது பாட்டும் கைத்தட்டலுமாக இருக்கும். அதைத்தான் பெரியவர் ஆர்க்கெஸ்ட்ரா என்கிறார். ஆசைப்பட்டு ஏறியிருக்கிறார். கேம்ப்பில் போய் இறக்கிவிட்டிருக்கிறார்கள்.

"சோனாப்பூர்," என்றேன். கேம்ப்புகள் எல்லாம் அங்கேதான். "வண்டியை எடுங்க."

சங்கீதா அப்படியே ஹாலுக்கு ஓடினாள். நாங்கள் கீழே இறங்கியபோது பழனிச்சாமி எங்களுக்கும் கார் கதவைத் திறந்துவிட்டார்.

வழியில் அக்கா, சங்கீதா கொடுத்துவிட்டுப் போன விழாச் சிற்றேட்டைச் சத்தமாகப் படித்துக்கொண்டு வந்தார். "பன்னெண்டு படத்துக்குக் கதை எழுதிருக்காரு தம்பி. நாலு படத்துல பேரே போடல. மூணு படத்துல எழுத்துப்பிழையோட போட்ருக்கான். ஒரு படத்துல ஃபிலிம் தீர்ந்துபோயி கடைசி சீனை எடுக்கவே இல்லியாம். முடிவு அற்புதம்னு பேப்பர்காரன் எழுதுனானாம்."

"பாவம்."

"இன்னும் கேளு. ஒரு படத்துல மியூசிக் போடறவன் சண்டை போட்டுட்டுப் போயிட்டான். இங்க யாருக்காச்சும் விசில் அடிக்கத் தெரியுமான்னு தயாரிப்பாளர் கேட்டிருக்காரு. இவரு கையத் தூக்கிட்டாரு. அதுல இருந்து கதைக்குக் கூப்புட்டதை விட விசிலுக்குக் கூப்புட்டதுதான் அதிகமாம். டைட்டில்ல 'திரைக்கதை'ன்னு எறும்பு சைசுல பேரு, 'விசில்'னு ஆனை சைசுல பேரு. இன்னைக்கு மேடையில படத்தை ஓடவிட்டு நேர்லயே விசில் அடிக்கப் போறாருன்னு போட்ருக்கு."

"அக்கா, இதுல துப்பு ஒண்ணும் இல்ல."

"இருக்கே. இவரு எழுதுன எல்லாப் படத்துலயும் துப்பறியறவன் முக்காவாசி நேரம் தப்பான பக்கமே ஓடுவானாம். குத்தவாளி யாருன்னா, மொத சீன்ல கதவைத் தொறந்து விடுறான் பாரு, அவந்தானாம். எல்லாப் படத்துலயும் அதே ஆளு. ஜனங்க கண்டுபுடிச்சுட்டாங்க, அதான் படம் ஓடல."

"சினிமா வேற, வாழ்க்கை வேறக்கா," என்றேன். முன் சீட்டில் பழனிச்சாமி இருமினார். ஏசியைக் குறைக்கச் சொன்னேன்.

சோனாப்பூரில் வரிசையாக கேம்ப் பஸ்கள். நாங்கள் போய் நின்றபோது ஒன்று ஆட்களை நிரப்பிக்கொண்டு புறப்படத் தயாராக இருந்தது. கேட்டால் யாரும் உண்மையைச் சொல்ல மாட்டார்கள், சோதித்துப் பார்ப்போம் என்று எனக்கு ஒரு எண்ணம். இரண்டு விரலை வாயில் வைத்து, என் அப்பாவை மனதில் நினைத்துக்கொண்டு, மூன்று விசில் அடித்தேன்.

பஸ்ஸிலிருந்து ஒருத்தர் விடாமல் எல்லோரும் இறங்கிவிட்டார்கள்.

தமிழர், தெலுங்கர், பீகாரிகள் எல்லோரும் வந்து வெயிலில் வரிசை கட்டி நின்றார்கள். கட்டட சைட்டில் விசில் கேட்டால் உடனே வெளியே வந்து வரிசையில் நிற்கப் பழகியவர்கள். ஒருவர் கையை உயர்த்தி, "ஆள் கணக்கெடுக்கணுமா சார்?" என்று கேட்டார். புதுச் சட்டை, தலையில் எண்ணெய், பஜாருக்குப் போகிற குஷி. அத்தனையும் என்னால் கெட்டது.

இவர்களை யார் இறக்கிவிட்டது என்று கத்திக்கொண்டு பஸ் டிரைவர் ஹஸ்னைன் பாய் குதித்து வந்தார். "ஓ பாய்! கியா கர் ரஹே ஹோ? இன்கோ கிஸ்னே உதாரா?"

"பாய், ஏக் மினிட். ஃபிரெஞ்ச் ஆத்மி... புட்டா ஆத்மி..." என்று நான் கிழவரை விளக்கப் பார்த்தேன்.

"மாஃபி ஃபிரெஞ்ச்! ஹட்டோ!" பிரெஞ்சும் இல்லை, ஒன்றும் இல்லை, விலகிப் போ என்கிறார்.

கேட்டிலிருந்து செக்யூரிட்டி நடந்து வர ஆரம்பித்தான். அக்கா என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு, "மாஃப் கரோ பாய், தூப் மே திமாக் கராப் ஹோகயா," என்று என் மூளை வெயிலில் கெட்டுப்போன செய்தியை அறிவித்தார். அத்தனை பேரும் பரிதாபமாகத் தலையாட்டினார்கள். அந்தத் தலையாட்டல்தான் எனக்குத் தாங்கவில்லை. பழனிச்சாமி ஓடி வந்து கார் கதவைத் திறந்துவிட்டார்.

உள்ளே ஏறியதும் சங்கீதாவின் போன். "சார், கெடச்சாரா? எங்க பாஸ் ஹாலுக்கு வந்துட்டார். கெஸ்ட் ரெஸ்ட் எடுக்கறார்னு பொய் சொல்லி வச்சிருக்கேன்."

"நெருங்கிட்டோம்மா," என்று நானும் ஒரு பொய் சொல்லி வைத்தேன்.

அக்கா போனை என் கையிலிருந்து பிடுங்கினார். "குடு தம்பி. உன் வயித்துல இருக்கிற துப்பு என்னான்னு பாப்போம்." என் கழுத்தில் கிடந்த ஹெட்போனை முக்காட்டுக்கு மேலேயே வைத்துக்கொண்டு மெசேஜைக் கேட்டார். ஒரு தடவைதான் கேட்டார். கழற்றி மடியில் வைத்தார்.

"தம்பி, நீ காலைல என்னா சாப்புட்ட?"

"பன்னும் டீயும். ஏன்?"

"மத்தியானம்?"

"கடையில பரோட்டா."

"அதான். வீட்டுல ஒரு நாளாச்சும் அடுப்புப் பத்த வச்சிருந்தா இந்த வெயில்ல வந்திருக்க மாட்டோம். மூணு விசில் ஆச்சு, இறக்குடான்னா... அல்லாவே, இது பஸ் இல்ல தம்பி. பருப்பு!"

"பருப்பா?" என்றேன்.

"குக்கரு! மூணு விசில் ஆச்சு, அடுப்புல இருந்து இறக்குங்கிறான். யாரோ நம்ம பசங்க ரூம்ல சமைக்கிறாங்க. ஒரு குக்கர் இருந்தா அது சமையல். ஆர்க்கெஸ்ட்ரான்னா? நாலஞ்சு குக்கரு சேந்து கத்துது. அப்புடின்னா பல ரூமுக்கு ஒரே கிச்சன். பேச்சுலர் பில்டிங்." அக்கா சிற்றேட்டை விரலால் தட்டினார். "பெரியவரு இந்த ஊருக்கு வந்து ஒரு நாளுதான் ஆச்சு. அவருக்குத் தெரிஞ்ச தமிழாளு யாரு? சங்கீதா ஒண்ணு. இன்னொண்ணு..."

"கதவைத் திறந்து விடுறவன்," என்றேன் மெதுவாக.

இருவரும் ரியர்வியூ கண்ணாடியைப் பார்த்தோம். கண்ணாடியில் பழனிச்சாமியின் கண்கள் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தன. சிக்னல் பச்சை விழுந்தும் வண்டி நகரவில்லை. பின்னால் ஹாரன் அடித்தார்கள்.

"ஏனுங்கண்ணா," என்றார் பழனிச்சாமி. "நேரா அஜ்மான் போயிரலாங்களா?"

"யோவ்! இவ்வளவு நேரம் கூடவே இருந்தியே, ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"நீங்க கேக்கவே இல்லீங்களேண்ணா. சோனாப்பூர் போன்னீங்க, போனனுங்க. பஸ்ஸு பஸ்ஸுன்னீங்க, பஸ்ஸைக் காட்டுனனுங்க."

அக்கா முக்காட்டை வாயில் திணித்துக்கொண்டு சிரித்தார். நான் கண்ணாடி வழியாகப் பாலைவனத்தைப் பார்த்தேன். அது ஒன்றுதான் அப்போது என்னைப் பார்க்கவில்லை.

ஷார்ஜா நெரிசலில் ஊர்ந்துகொண்டே பழனிச்சாமி எல்லாவற்றையும் கொட்டினார். காலையில் பெரியவரை ஊர் சுற்றிக் காட்ட ஏற்றியிருக்கிறார். வழியில், அஜ்மானில் இருக்கும் தன் ரூம்மேட் பாலகுரு போன் செய்து, பருப்புக்கு எத்தனை விசில் வைக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறான். போன் ஸ்பீக்கரில் இருந்தது. அந்த நேரம் பார்த்து அங்கே குக்கர் ஒரு விசில் அடித்தது.

"அந்தச் சத்தம் கேட்டதும் பெரியவரு பின்னால இருந்து என்ற தோளைப் புடிச்சுட்டாருங்க. அங்க போ, அங்க போன்னு ஒரே புடிவாதம். கொண்டுபோய் உட்டனுங்க. திரும்பக் கூப்புட்டா வரமாட்டேங்கறாரு. யாருகிட்டயும் சொல்லாதேன்னு கையப் புடிச்சுட்டு அழுவறாருங்க. பேச்சுலர் ரூமுக்கு கெஸ்ட்டைக் கூட்டிட்டுப் போனேன்னு கம்பெனிக்குத் தெரிஞ்சா எனக்கும் வேலை கலாஸ்தானுங்களே. வாயத் தொறக்கப் பயமாப் போச்சுங்க."

அஜ்மானில் அந்தக் கட்டடத்துக்குள் நுழையும்போதே தாளிப்பு வாசம். இரண்டாவது மாடியில் ஆறு ரூமுக்கு ஒரே கிச்சன். ஆளுக்கொரு அடுப்பு, ஆளுக்கொரு குக்கர். அடுப்பில் வைத்துவிட்டு ரூமில் போய்ப் படுத்துக்கொள்வார்கள். ஒவ்வொரு குக்கருக்கும் ஒரு சத்தம். இது நம்ம குக்கர் என்று படுத்த இடத்திலிருந்தே காதால் கண்டுபிடித்து, விசிலை எண்ணி எழுந்து வருவார்கள்.

கிச்சன் நடுவில் கவிழ்த்துப் போட்ட பெயின்ட் டப்பாவின் மேல் கோட்டு போட்ட வெள்ளைக்காரக் கிழவர் ஒருவர் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். அவரைச் சுற்றி ஆறு குக்கர்கள் முறைவைத்து விசில் அடித்துக்கொண்டிருந்தன. லுங்கியோடு கரண்டி பிடித்து நின்றவன்தான் பாலகுரு.

"வாங்கண்ணே," என்றான் அலுப்போடு. "யாராச்சும் சாப்புடறீங்களா? காலையிலேருந்து பருப்பை வேக வச்சுக்கிட்டே இருக்கேன். நிறுத்துனா பெரியவரு மூஞ்சி தொங்கிப் போவுது. பில்டிங் முழுக்கக் குடுத்தாச்சு. இனிமே பருப்புன்னா கதவைச் சாத்துறானுவ."

நான் தொண்டையைச் செருமிக்கொண்டு முன்னே போனேன். "மிஸ்டர் வசால், உங்களைக் கண்டுபிடித்துவிட்டேன்," என்றேன் ஆங்கிலத்தில். இந்த வாக்கியத்தைச் சொல்லத்தான் நான் இத்தனை வருஷமாகக் காத்திருந்தேன். அவர் உதட்டில் விரல் வைத்து என்னைச் சும்மா இருக்கச் சொன்னார். மூன்றாவது அடுப்பு விசில் அடிக்கவிருந்தது.

அது அடித்து முடித்ததும் கண்ணைத் திறந்தார். "கேட்டீர்களா? அது என்னுடைய சுரம்," என்றார். "எனக்கு விசிலில் ஒரே ஒரு சுரம்தான் வரும். ராகமெல்லாம் வராது. நீளமாக, ஒன்றே ஒன்று. விமர்சகர்கள் அதைத் துணிச்சல் என்று எழுதினார்கள். நானும் மறுக்கவில்லை."

பிறகு உதட்டைக் குவித்து ஊதினார். காற்றுதான் வந்தது. வாயிலிருந்து பல் செட்டை எடுத்துக் காட்டினார். போன குளிர்காலத்தில் கட்டியதாம்.

"பன்னிரண்டு படம் எழுதினேன். யாருக்கும் ஞாபகமில்லை. விசில் ஒன்றுதான் மிச்சம் இருந்தது. அதையும் கடவுள் வெட்டிவிட்டார். அவரும் ஒரு தயாரிப்பாளர்தான், கடைசி நேரத்தில்தான் சொல்வார். இந்த வாயை வைத்துக்கொண்டு மேடையில் காற்று ஊதச் சொல்கிறீர்களா? எனக்கு வெட்கமாக இருக்கிறது. வரமாட்டேன்."

அவர் முகத்தைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது. தெரிந்த ஒரே வித்தையும் கைவிட்டுப் போனால் எப்படி இருக்கும் என்று நான் அறிவேன். எனக்கு அந்த ஒன்றும் கிடையாது என்பதுதான் வித்தியாசம்.

"அந்தப் புள்ள சங்கீதாவைப் பத்திச் சொல்லு தம்பி," என்றார் அக்கா.

சொன்னேன். வேலை, விசா, பள்ளிக்கூடத்தில் சேர்த்த மகள், எல்லாவற்றையும். பழனிச்சாமியைப் பற்றியும் சொன்னேன். அந்த வெள்ளைச் சட்டைக்காரர் வாசலில் கைகட்டி நின்றிருந்தார். பெரியவர் அவரை நிமிர்ந்து பார்த்தார்.

"எனக்கு இது தெரியாது," என்றார். "என் பன்னிரண்டு படத்திலும் கதவைத் திறந்துவிட்டவனைத்தான் கடைசியில் ஜெயிலுக்கு அனுப்பினேன். எனக்கு வேறு முடிவு எழுத வராது. இன்றைக்காவது அப்படி முடிய வேண்டாம்." பல் செட்டை மாட்டிக்கொண்டு எழுந்தார். "ஆனால் விசில்?"

"நானே அடிக்கிறேன். இன்னிக்குத்தான் ஒரு பஸ்ஸையே காலி பண்ணேன்," என்றேன்.

யாரும் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. பாலகுரு, "குக்கரைத் தூக்கிட்டு வந்துரவாண்ணே?" என்று கேட்டான். சங்கீதாவுக்குப் போன் போட்டோம். பெரியவர் கிடைத்துவிட்டார் என்றதும் அழுதாள். ஹாலுக்குள் அடுப்பு என்றதும் அழுகை நின்றுவிட்டது. "சார், மெழுகுவத்திக்கே பர்மிஷன் கெடையாது!"

"அடுப்பு இங்கயே இருக்கட்டும். சத்தம் மட்டும் போன்ல போகட்டும்," என்றார் அக்கா.

பெரியவரின் முகம் மலர்ந்தது. "பதிவு வேண்டாம். நேரலை," என்று பாலகுருவின் தோளைத் தட்டினார். பாலகுரு பெருமூச்சோடு இன்னொரு டம்ளர் பருப்பை அளந்து எடுத்துக் கழுவப் போனான்.

ஹாலில் நாங்கள் நுழைந்தபோது கூட்டம் உட்கார்ந்துவிட்டது. சங்கீதா ஓடி வந்து பெரியவரின் கையைப் பிடித்துக்கொண்டாள், விடவே இல்லை. மேடை ஓரத்தில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்ற அருள்முருகன் என்ற தஞ்சாவூர்ப் பையன், "மேடம், ஸ்டேஜ் திரையை எப்ப இறக்கணும்னு யாருமே சொல்லலியே?" என்று அவளை நச்சரித்தான்.

"யாராவது இறக்குன்னா இறக்குப்பா! என்னை ஆளை விடு!"

விளக்கு அணைந்தது. திரையில் பெரியவரின் படம், கடைசிக் காட்சி. பனி மூடிய ரயில்வே பிளாட்பாரத்தில் ஒருவன் யாருக்காகவோ காத்திருக்கிறான். வசனம் இல்லை. மூன்று விசில். அவை கேட்டதும் திரும்பி நடந்து போய்விடுவான். அவ்வளவுதான் காட்சி. மேடையில் பெரியவர் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் மைக். மைக்குக்கு நேராக அக்காவின் போன். மறுமுனையில் அஜ்மான்.

முதல் விசில் சீக்கிரமே வந்துவிட்டது. கூட்டத்தில் சிலர் சிரித்தார்கள். சங்கீதாவின் முதலாளி முன் வரிசையில் நெற்றியைச் சுருக்கினார். இரண்டாவது விசில் இடம் பார்த்து விழுந்தது. சிரிப்பு நின்றது.

மூன்றாவது வரவில்லை.

திரையில் அவன் காத்திருந்தான். நாங்களும் காத்திருந்தோம். போனில் கொதிக்கிற சத்தம் மட்டும் ஹால் முழுக்க மெல்ல இரைந்தது. பெரியவர் கண்ணை மூடிக்கொண்டார். ஆயுசில் முதல் தடவையாக நான் ஒரு பருப்புக்காகச் சாமி கும்பிட்டேன். திரையில் அவன் திரும்பிவிட்டான். முதுகைக் காட்டிக்கொண்டு பனிக்குள் நடக்க ஆரம்பித்துவிட்டான்.

அப்போது அடித்தது. நீளமாக, ஒன்றே ஒன்று.

அதே நேரம் திரையில் அவன் ஷூ லேஸ் கட்டவோ எதற்கோ ஒரு கணம் நின்றான். யாரோ பின்னாலிருந்து கூப்பிட்டது போலவே இருந்தது. ஹாலில் ஒரு பெண் 'ஆ' என்றாள். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. இந்த முறை சரியான காரணத்துக்காக.

உடனே ஸ்பீக்கரில், ஹாலே அதிர, பாலகுருவின் குரல்: "மூணு விசில் ஆச்சு, இறக்குடா!"

அருள்முருகன் இறக்கிவிட்டான். கயிறு சரசரவென ஓடியது. சிவப்புத் திரை முழு வேகத்தில் விழுந்து படத்தை மூடிவிட்டது.

சங்கீதா என் சட்டையைப் பிடித்துக்கொண்டாள். பிறகு கைத்தட்டல் ஆரம்பித்தது. முதலில் பின் வரிசை, பிறகு எல்லா வரிசையும், பிறகு எழுந்து நின்று. திரையை விலக்கிக்கொண்டு வெளியே வந்த பெரியவரின் கன்னத்தில் கண்ணீர் ஓடியது. மைக்கைப் பிடித்து, "ஐம்பது வருஷமாக எழுதுகிறேன். இந்த முடிவு எனக்குத் தோன்றவே இல்லை," என்றார். "விசில், அஜ்மான். கதவு, திரு. பழனிச்சாமி. தயவுசெய்து டைட்டிலில் எழுத்துப்பிழை இல்லாமல் போடுங்கள்."

வாசல் கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற பழனிச்சாமிக்கு ஒன்றும் புரியவில்லை. தன் பெயர் கேட்டதும் பயந்துபோய் கதவை இன்னும் அகலமாகத் திறந்தார்.

முதலாளி சங்கீதாவிடம் வந்தார். "அந்த மௌனம், அப்புறம் அந்த கர்ட்டன். யார் ஐடியா?"

சங்கீதா என்னைப் பார்த்தாள், அக்காவைப் பார்த்தாள். "என்னோடதுதான் சார்," என்றாள் ஒரு தடுமாற்றமும் இல்லாமல்.

"நாளைக்கு ஆபீஸுக்கு வா. உன் ப்ரொபேஷனை முடிச்சு பேப்பர்ல கையெழுத்துப் போட்டுடலாம்."

அவள் அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அக்கா அவள் தலையைத் தடவிக் கொடுத்தார்.

கைத்தட்டல் இன்னும் ஓயவில்லை. காணாமல்போன மனிதரைக் கண்டுபிடித்த துப்பறிவாளன் என்ற முறையில் நானும் ஒரு தடவை மேடையில் தலைகாட்டுவது மரியாதை என்று தோன்றியது. தலைமுடியைச் சரிசெய்துகொண்டு ஓரத்துப் படியில் ஏறினேன். பாதி ஏறியிருப்பேன். பின்னாலிருந்து மூன்று விசில். வாயில் இரண்டு விரலை வைத்துக்கொண்டு பத்ருன்னிசா அக்கா நின்றார்.

"இறங்கு தம்பி."

இறங்கினேன்.